சமையலறைச் சுவரில் ஒரு குழி

நியூ ஆர்லியன்ஸ் சந்தையில் சிப்பி உடைத்து வயிறு கழுவியவள் ஒடீலியா. செத்துப்போன அவள் அப்பன் அல்சீட், ஊரே கொண்டாடிய ஜாஸ் டிரம்ஸ்காரன். அவன் வீட்டை நினைவில்லமாகத் திறந்த அன்று, சிப்பிச் சுத்தியலோடு நுழைந்தாள். வாசலில் பேண்டு முழங்கியது. சமையலறைச் சுவரிலிருந்த குழிக்குக் கண்ணாடி போட்டிருந்தார்கள்.

“குச்சி கையில இல்லேன்னா முஷ்டியாலயே சுவத்துல தாளம் போடுவாரு. அந்தத் தடம்தான் இது,” என்று பூரித்தான் வழிகாட்டி.

ஒரே போடு. கண்ணாடி சிதறியது. காவலாளி அவள் கையை முறுக்கி, முகத்தைச் சுவரில் மோதினான். உதடு கிழிந்தது.

“தாளமாடா அது? எங்கம்மா தலையைப் பிடிச்சு அந்தாளு இடிச்ச இடம்டா!”

வழிகாட்டி ஓரடி பின்வாங்கினான். “அப்போ... பூசிடச் சொல்றேம்மா.”

ஒடீலியா ரத்தத்தைத் துப்பினாள். “பூசினே, கையை ஒடிச்சிருவேன். இந்த வீட்டுல அவ இருந்ததுக்கு அது ஒண்ணுதான்டா அடையாளம்.”