தேவேந்திராவின் சாவுகள்

தேவேந்திரா சாகும்போது முதலில் இடது கால் செருப்பு கழன்று விழும். பிறகுதான் தலை சாயும். "சும்மா கண்ண மூடுனா தூங்குற மாதிரி இருக்கும் பைய்யா. செருப்பு போச்சுன்னாதான் ஆளு போய்ட்டான்னு சனத்துக்குப் புரியும்" என்பார்.

தீவின் கரும்புப் பக்கம், பா என்ற டவுனை ஒட்டிய வரதோலியில் வீடு. வாரம் முழுக்க பஸ் ஓட்டுவார். ஞாயிற்றுக்கிழமை உள்ளூர் டிவி தொடரில் நடிப்பார். திருடன், போலீஸ், வட்டிக்காரன், பூசாரி எல்லாம் ஆயிற்று. பிணமாகத்தான் பேர் வாங்கினார். கரும்புக் காட்டில் படுத்திருந்தபோது கட்டெறும்பு காதுக்குள் புகுந்து கடித்தது. டைரக்டர் ஜிதேந்திரா 'கட்' சொல்லும்வரை இமைகூட ஆடவில்லை.

துப்பாக்கிக் கும்பல் பார்லிமென்ட்டுக்குள் புகுந்து, இந்திய வம்சத்துச் சனம் தீவை விட்டுக் கிளம்பத் தொடங்கிய பிறகு தொடரின் கதையே மாறிப்போனது. கதாநாயகன் சிட்னிக்குப் போனான். கதையில் லாரி மோதிச் செத்தான். அவன் அம்மாவாக நடித்த டீச்சர் கனடா போனார், கதையில் காய்ச்சல். தொடரில் யாராவது செத்தால் அவருக்கு விசா வந்துவிட்டது என்று ஊரே புரிந்துகொண்டது. ஆட்கள் குறையக் குறைய தேவேந்திரா மேலே ஏறி, குடும்பத்துக்கே பெரியவரான தாத்தா வேடத்துக்கு வந்து சேர்ந்தார்.

"என்ன தேவா பாய், இன்னும் சாவலியா?" என்று கேட்டுக்கொண்டேதான் பஸ்ஸில் ஏறுவார்கள்.

"சாவ எனக்கு நேரம் ஏது? நீ மொதல்ல உள்ள தள்ளி நில்லு!"

போன வாரம் தாத்தா நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் சரிவதோடு 'தொடரும்' போட்டார்கள். விடிந்ததும் பக்கத்து வீட்டு சுஷீலா வந்துவிட்டாள்.

"அண்ணே, அந்த ஃப்ரிட்ஜ எனக்கே குடுத்துருங்க. வேற யாருக்கும் வாக்கு குடுத்துறாதீங்க."

"செருப்பு விழுந்துச்சா?"

யோசித்தாள். "இல்லண்ணே."

"அப்ப ஃப்ரிட்ஜும் இல்ல."

ஆனால் விசா நிஜமாகவே வந்திருந்தது. ஆக்லாந்தில் இருக்கும் மகன் விகாஷ் அப்பா அம்மாவுக்காக எழுதிப்போட்டு வாங்கியது. போன வருஷம் என்றால் தேவேந்திரா பஸ்ஸை நடுவழியில் விட்டுவிட்டுக் கிளம்பியிருப்பார். இப்போது வீட்டில் சோனம் இருக்கிறாள், மகள் விஷாலி பெற்ற பேத்தி, இன்னும் கழுத்து நிற்கவில்லை. விஷாலி குடும்பத்துக்கு விசா இல்லை. பேத்தியின் அழுகை இவர் தூக்கினால்தான் நிற்கிறது என்று பஸ் முழுக்கச் சொல்லியாயிற்று. அவள் கொட்டாவி விடுவதை ஒவ்வொரு ஸ்டாப்பிலும் நடித்துக் காட்டுகிறார்.

"சீக்கிரம் சொல்லுங்க, விகாஷ் டிக்கெட் போடணுங்கறான்" என்றார் மனைவி கம்லா.

"நா செத்தாத்தான போக முடியும்?"

"வெளையாடாதீங்க. மறுபடி துப்பாக்கியத் தூக்கிட்டு வந்தானுங்கன்னா?"

தேவேந்திரா எழுந்துபோய்ப் பேத்தியைத் தூக்கிக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை ஷூட்டிங் அவர் வீட்டு வாசலிலேயே. "தேவா பாய், சாவா, பொழைப்பா? ரெண்டும் எழுதி வச்சிருக்கேன்" என்றார் ஜிதேந்திரா.

தேவேந்திரா உள்ளே பார்த்தார். கம்லா பயணப் பெட்டியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"சாவே எடு. நல்லா எடுத்துக்க, ரெண்டாந்தரம் சாவ மாட்டேன்."

கேமரா ஓடியது. நாற்காலியில் இருந்தபடியே மூச்சை ஒருமுறை இழுத்தார். இடது செருப்பு விழுந்தது. தலை சாய்ந்தது. மாலை போட்டார்கள். அழும் கூட்டத்தில் நின்ற சுஷீலாதான் முதலில் ஓலமிட்டாள். ஃப்ரிட்ஜ் உறுதியான சந்தோஷம் அந்த அழுகையில் தெரிந்தது.

அப்போது உள்ளே சோனம் வீறிட்டாள். விஷாலி தூக்கினாள், நிற்கவில்லை. கம்லா வாங்கித் தோளில் போட்டுத் தட்டினார், அழுகை இன்னும் ஓங்கியது.

பிணத்தின் இமை ஆடியது.

ஜிதேந்திரா 'கட்' சொல்லவில்லை. தேவேந்திரா கழுத்து மாலையோடு நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் கண் உள்ளறையில் இருந்தது; இடது கால் மட்டும் தரையைத் துழாவி, விழுந்த செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டது.