முன்னடி கேட்ட வீடு

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எழுத்து கோணலாக வரும், சொன்னதையே திரும்பச் சொல்வேன், சொல்ல வேண்டியது அடுத்த நாள்தான் ஞாபகம் வரும். ஆட்களுக்கு முன்னால் வாய் திறக்க எனக்கு எப்போதும் கூச்சம், அதனால்தான் தாளில் எழுதுகிறேன். பிழைகளைப் பொறுத்துக்கொண்டு வாசியுங்கள்.

முதலில் குடையின் சத்தம் கேட்கும். எங்கள் வீட்டுக்கு வருகிற ஒழுங்கையில் சரளைக்கல் போட்டிருந்தார்கள், அப்பாவின் கறுப்புக் குடைக்கு இரும்பு முனை, அதை ஊன்றி ஊன்றி வருகிறபோது கல்லில் "ணக், ணக்" என்று வரும் சத்தம் வேறு எவருடைய குடைக்கும் கிடையாது. அதற்குப் பிறகு வேலிப் படலையின் கம்பி வளையம் கழன்று கட்டையில் அடிபடும், பிறகு தொண்டையைச் செருமுகிற ஒரு சத்தம் வரும். நான் ஓடிப்போய்ப் பார்த்தால் ஒழுங்கை வெறுமையாகக் கிடக்கும், படலை சாத்தினபடி இருக்கும், வளையம் மாட்டினபடியே இருக்கும். ஆனால் அம்மா ஒரு தேங்காயைத் துருவி முடிக்கிற நேரத்துக்குள் அதே குடையும் அதே வளையமும் அதே செருமலும் இன்னொருமுறை கேட்கும், இந்த முறை அவற்றுக்குப் பின்னால் அப்பா நிற்பார்.

அம்மா இதற்கு "முன்னடி" என்று பெயர் வைத்திருந்தார். ஆளுக்கு முன்னால் வருகிற அடி. அப்பா தெற்கே ஒரு சிங்கள ஊரில் சுருட்டுக்கடையில் நின்றவர், வருடத்தில் சில தடவைதான் மெயில் ரயிலில் வருவார், வருகிறேன் என்று கடிதம் போடுகிற பழக்கம் அவருக்கு இல்லை. "மற்ற வீடுகளுக்குத் தந்தி வரும், எங்களுக்கு முன்னடி வரும்" என்று அம்மா பெருமையாகச் சொல்வார். சத்தம் கேட்டதும் குசினிக்குள் இருந்தபடியே, "பிள்ளை, முன்னடி கேட்டிட்டுது, உலையை வை" என்பார். பக்கத்து வீட்டுப் பாக்கியம் மாமிக்கு இது நல்ல பகிடி. "உன்ர மனிசன் வரமுன்னம் அவரின்ர குடை வந்து நிக்குது. அதுக்கும் ஒரு தேத்தண்ணி ஊத்திக் குடன்" என்று வேலிக்கு மேலால் சொல்வார். அப்பாவிடம் கேட்டால் அவருக்கும் சிரிப்புத்தான். "ஸ்டேசனிலை இறங்கினவுடனை நான் வீட்டை வந்திட்டன். இந்தக் கால் ரண்டுந்தான் பிந்தி வருது" என்பார்.

எனக்கு ஒன்பது வயது இருக்கும். தெற்கில் அந்த முதல் பெரிய கலவரம் வந்தது. அதற்குச் சில வாரங்களுக்கு முன்னால்தான் அப்பா வந்து நின்றுவிட்டு, எங்கள் ஊர் வழக்கப்படி "போட்டு வாறன்" என்று, போய்விட்டு வருகிறேன் என்று, சொல்லிப் போயிருந்தார். கடைகளை எரிக்கிறார்கள், ஆட்களை வெட்டுகிறார்கள் என்று சந்தையில் பேசிக்கொண்டார்கள். பிறகு தப்பினவர்களைக் கப்பலில் ஏற்றிக்கொண்டு வந்து இறக்குகிறார்கள் என்று கேள்விப்பட்டு, அப்பாவின் தம்பி, என் சித்தப்பா, ஒவ்வொரு கப்பலுக்கும் துறைமுகத்துக்குப் போய் நின்றார். போகிறபோது சைக்கிளில் போவார், வருகிறபோது சைக்கிளை உருட்டிக்கொண்டு வருவார். அதைப் பார்த்தே நாங்கள் விளங்கிக்கொள்வோம்.

ஒரு நாள் மத்தியானம், வெயில் கொதித்துக்கொண்டிருந்த நேரம், குடை கேட்டது. நான் சுளகில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தேன், கை தானாக நின்றுவிட்டது. வளையம் கேட்டது. செருமலும் கேட்டது. அம்மா என்னைப் பார்த்தார், நான் அம்மாவைப் பார்த்தேன். "உலையை வை" என்றார். அன்றைக்கு வீட்டில் ஒரே ஒரு தேங்காய்தான் இருந்தது. அதை உடைத்துத் துருவத் தொடங்கினார். துருவி முடிகிற நேரம் படலை உண்மையாகவே திறந்தது.

வந்தவர் அப்பா இல்லை. அப்பாவின் கடைக்கு எதிரே ஒரு பேக்கரியில் வேலை செய்த, அயலூர்க்காரர் ஒருவர். யாரோ கொடுத்த சாரம் உடுத்தி, காலில் செருப்பும் இல்லாமல், கப்பலில் வந்து இறங்கி, நேரே எங்கள் வீட்டைத் தேடி வந்திருந்தார். கதிரையின் நுனியில் இருந்தார். "கடை எரிஞ்சு போச்சு, அக்கா. பின்பக்கத்தாலை ஓடின ஆக்களுக்குள்ளை அவரைக் கண்டனான். அங்காலை நான் காணேல்லை" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, எவரும் கேட்காமலே, "அங்காலை நான் காணேல்லை" என்று இன்னொருமுறை சொன்னார். அம்மா அழவில்லை. சோறு வெந்திருந்தது. வாழையிலை போட்டு அப்பாவுக்கு வைத்த சோற்றை அவருக்குப் போட்டார். அந்த மனிதர் அழுதுகொண்டே முழுவதையும் தின்றார். எத்தனை நாள் பசியோ.

சில நாட்களில் சித்தப்பா வந்தார். செத்தவருக்குரிய அந்தியேட்டி செய்ய வேண்டும், தாலியைக் கழற்ற வேண்டும், செய்யாவிட்டால் அண்ணையின் ஆவி தண்ணீர் இல்லாமல் அலையும் என்று பெரியவர்கள் சொல்லி அனுப்பியிருந்தார்கள். அம்மா தூணைப் பிடித்தபடி நின்று கேட்டார்.

"முன்னடி வந்திட்டுது, தம்பி. ஆள் வெளிக்கிட்டிட்டார். உலை வைச்ச வீட்டிலை செத்தவீடு செய்யிறதோ?"

"அண்ணி, அது அந்த மனிசன்ரை முன்னடி. அவர்தானே வந்தவர்."

"அந்தாளிட்டைக் குடை இல்லை. வெறுங்காலோடை வந்தவர்."

சித்தப்பா என் பக்கம் திரும்பினார். "பிள்ளை, நீயும் கேட்டனியோ?"

"ஓம்."

"வடிவாய் யோசிச்சுச் சொல்லு. காலடியோ, குடையோ?"

"குடை" என்றேன். அது உண்மை. இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன்.

சித்தப்பா எழுந்து போனார். எங்கள் வீட்டில் அந்தியேட்டி நடக்கவில்லை. அம்மாவின் தாலியும் பொட்டும் இருந்தபடியே இருந்தன.

அதற்குப் பிறகு எங்களுக்கு நடந்ததை இந்த வெளிநாட்டில் வளருகிற பிள்ளைகளுக்கு விளங்கப்படுத்துவது கஷ்டம். கலியாண வீட்டில் சுமங்கலிகளோடு முன்னுக்கு நிற்க அம்மாவை விடமாட்டார்கள், விதவைகளோடு பின்னுக்கு இருக்க அம்மா போகமாட்டார், கடைசியில் எவரும் சொல்லி அனுப்புவதே இல்லை. பாக்கியம் மாமி வேலிக்கு மேலால் பேசுவதை நிறுத்திவிட்டார். பள்ளிக்கூடத்தில் என் பெயர் "முன்னடி" ஆயிற்று. நான் வகுப்புக்குள் வர முதலே பிள்ளைகள் சிலேட்டுப் பென்சிலால் மேசையில் "ணக், ணக்" என்று தட்டுவார்கள். ஐந்தாம் வகுப்பு முடிந்ததும் அம்மா என்னைத் தன்னோடு நெல்லுக் குத்த வரச் சொன்னபோது எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது.

பஞ்சத்திலும் அம்மா ஒவ்வொரு மத்தியானமும் உலையில் ஒரு பிடி அரிசி கூடப் போடுவார். அது அப்பாவுக்கு. எங்களுக்கு வயிறு நிறையாவிட்டாலும் அதைத் தொடக் கூடாது. பொழுது பட்ட பிறகு அதில் தண்ணீர் ஊற்றி வைப்பார், விடிய அது பழஞ்சோறாக எனக்கு வரும். அப்பா வராத ஒவ்வொரு நாளையும் அடுத்த நாள் காலையில் நான் தின்றேன். அப்படித்தான் வளர்ந்தேன்.

அந்த ஒழுங்கையில் குடை பிறகு கேட்கவே இல்லை. அம்மா பொட்டோடு கிழவியாகிப் பொட்டோடு செத்துப்போனார். குளிப்பாட்டின பெண்கள், கலியாணக் கூறைச்சேலை உடுத்துவதா வெள்ளை உடுத்துவதா என்று தெரியாமல் நின்றார்கள். அப்போது சித்தப்பாவுக்கும் வயது போய்விட்டது, கண் தெரியாது. "கூறையை எடுங்கோ. முன்னடிக்கு இன்னும் ஆள் வந்து சேரேல்லை" என்றார். அவர் அம்மாவை நம்பித்தான் சொன்னாரா, இரக்கப்பட்டுச் சொன்னாரா என்று எனக்குத் தெரியாது.

மகன் என்னை இந்த நாட்டுக்கு, நோபல் பார்க் என்ற ஊருக்குக் கூப்பிட்டு இப்போது பல வருடமாகிறது. பக்கத்து வீட்டில் ஐலா என்று ஒரு கிழவி தனியே இருந்தார், பின்லாந்து நாட்டுக்காரி. அவருடைய இங்கிலீசும் உடைசல், என்னுடையதும் உடைசல், அதனால் இங்கிலீசு நன்றாகத் தெரிந்தவர்களைவிட எங்களுக்குள் விளக்கம் கூட. அவருடைய புருசன் பின்வளவில் பலகையால் ஒரு சின்ன ஆவிக்குளியல் அறை கட்டி வைத்துவிட்டுச் செத்திருந்தார். ஐலா அதில் குளித்து முடிந்து வெளியே வருகிறபோது சூடான கல்லில் கடைசியாக ஒரு அகப்பை தண்ணீர் ஊற்றிவிட்டு வருவார். அது அறையில் இருக்கும் நரைத்த தாடிக்கார சின்னக் கிழவனுக்காம். அவனைத் "தொந்து" என்றார். தொந்தரவு செய்தால் அறையை எரித்துவிடுவானாம். குளத்துக்குள் "நாக்கி" என்று ஒன்று இருக்கிறதாம், தண்ணீருக்குக் கிட்டப்போகிற பிள்ளைகளை இழுத்துக்கொள்ளுமாம். எங்கள் கிணற்றுக்குள்ளும் அப்படி ஒன்று இருந்தது, கயிற்றை எட்டிப் பிடித்தால் அது கையைப் பிடிக்கும் என்று நான் சொன்னேன். "உன்னுடையதுக்கு என்ன பெயர்?" என்று ஐலா கேட்டார். பெயர் வைக்கவில்லை, பயந்துகொண்டு மட்டும் இருந்தோம் என்றேன். அவர் நன்றாகச் சிரித்தார்.

ஒருநாள் அவருடைய குசினியில் இருந்து பேசிக்கொண்டிருக்கும்போது ஐலா திடீரென்று தலையை நிமிர்த்தி, தன் மகன் வருகிறான் என்று சொல்லி எழுந்து அடுப்பில் கோப்பிப் பாத்திரத்தை வைத்தார். எனக்கு ஒரு சத்தமும் கேட்கவில்லை. யன்னலால் பார்த்தேன், வாசலில் எவரும் இல்லை. கோப்பி கொதித்து வந்த நேரம் மகனின் கார் உண்மையாகவே வந்து நின்றது. கையிலிருந்த கோப்பையை மேசையில் வைத்துவிட்டு, எப்படித் தெரிந்தது என்று கேட்டேன்.

அது அவர்கள் ஊரில் எல்லாருக்கும் தெரிந்த சங்கதியாம். பனிக்காலத்தில் காட்டில் மரம் வெட்டிவிட்டு வருகிற அவருடைய தகப்பன், சறுக்குக் கட்டைகளைச் சுவரில் சாத்துகிற சத்தமும் சப்பாத்துப் பனியைப் படியில் தட்டுகிற சத்தமும் முதலில் கேட்குமாம், ஆளைக் காணக்கிடைக்காதாம், தாய் கோப்பியை அடுப்பில் வைப்பாராம், பிறகுதான் ஆள் வருவாராம். அதற்கு ஒரு பெயரும் சொன்னார். "எத்தியாய்னென்" என்று என் காதில் விழுந்தது. ஊர் முழுக்கப் பைத்தியம் என்று சொன்ன என் அம்மாவின் சொல்லுக்கு, பனிபெய்கிற ஒரு நாட்டில் ஒரு சொல் இருந்திருக்கிறது. அன்றைக்குத்தான் அந்தக் கதையை என் வாயால் முதல்முறை ஒருவருக்குச் சொன்னேன். குடை, வளையம், செருமல், வெறுங்காலோடு வந்த மனிதர், எல்லாவற்றையும் சொன்னேன். பிறகு கேட்டேன்: அது வந்து, ஆள் வராவிட்டால்?

ஐலா கோப்பி கலக்கின கரண்டியைக் கீழே வைத்தார். பிறகு என் கையைப் பிடித்து, "ஹீ லெஃப்ட்" என்றார்.  பின்வளவில் விறகு கொத்தப் போயிருந்த அவருடைய மகன் உள்ளே வந்துவிட்டான், பேச்சு வேறுபக்கம் போய்விட்டது.

வீட்டுக்கு வந்து பேத்தியிடம் அந்தச் சொல்லுக்கு என்ன கருத்து என்று கேட்டேன். "டிப்பென்ட்ஸ், அம்மம்மா" என்றாள், போனில் இருந்து கண்ணை எடுக்காமல். வீட்டுக்கு வர வெளிக்கிட்டார் என்றும் இருக்கலாம், எங்களை விட்டுப் போய்விட்டார் என்றும் இருக்கலாமாம். எங்கள் ஊர்த் தமிழில் "போட்டார்" என்றாலும் வெளிக்கிட்டுப் போனார் என்றும் இருக்கலாம், செத்துப்போனார் என்றும் இருக்கலாம், அதுவும் அப்படித்தானே என்று நினைத்துக்கொண்டேன். அடுத்தமுறை ஐலாவிடமே கேட்போம் என்று இருந்தேன். கேட்கக் கூச்சமாக இருந்தது, தள்ளிப் போட்டேன். அதற்குள் அவர் குளியலறையில் விழுந்து இடுப்பு முறிந்து ஆசுப்பத்திரிக்குப் போனவர், திரும்பி வரவில்லை.

அந்த வீட்டை இடித்துவிட்டார்கள். ஆவிக்குளியல் அறையை ஒரு யந்திரம் வந்து ஒரே தள்ளில் சாய்த்தது, உள்ளே இருந்த கிழவன் எங்கே போனானோ. இப்போது அங்கே இரண்டு புதுவீடு நிற்கிறது, ஆட்கள் காரோடு உள்ளே போய்க் காரோடு வெளியே வருகிறார்கள், முகம் தெரியாது. எங்கள் வீட்டிலும் கார்பெட். மகனின் புதுக் காருக்கு எஞ்சின் சத்தமே இல்லை. வாசலில் எவர் நின்றாலும் எல்லாருடைய போனிலும் மணி அடித்துப் படம் வருகிறது. முன்னடி வர இந்த வீட்டில் சரளைக்கல்லும் இல்லை, படலையும் இல்லை.

பின்லாந்து மொழி தெரிந்தவர்கள், அல்லது தெரிந்தவர்களைத் தெரிந்தவர்கள் இதை வாசித்தால் ஒரு உதவி செய்யுங்கள். பெயர்களை நான் பிழையாக எழுதியிருப்பேன், அவற்றைத் திருத்துங்கள். கலவரத்தைப் பற்றியும் கப்பல்களைப் பற்றியும் நான் சொன்னது பிழையென்றால் அதையும் திருத்துங்கள். ஆனால் அந்த "எத்தியாய்னென்" என்ற ஒன்றை மட்டும் நன்றாக விசாரித்துச் சொல்லுங்கள். வீட்டுக்கு வர நினைத்து நடக்கத் தொடங்கின ஆளுக்குத்தான் அது வருமா, அல்லது உயிர் போகிற ஆளுக்கும் வருமா? அம்மாவின் நெற்றியில் கடைசிவரை இருந்த பொட்டு சரியா பிழையா என்பது அதில்தான் இருக்கிறது.