பொன்மேட்டுக்குப் போகிறவர்கள் கையோடு கயிறு கொண்டு போங்கள்

சித்திரை மாதம் இரண்டாவது சனிக்கிழமை பொன்மேட்டுக்குப் போய்வந்தேன். ஊர் சுற்ற இல்லை. எங்கள் பள்ளியில் பதினான்கு வருஷம் ஆயாவாக இருந்த ராணி போனில் அழுதாள். "சோறே வேக மாட்டேங்குது டீச்சர். எங்க ஊட்டுக்காரருக்கு மூச்சே வுட முடியல." நான் பூகோளம் நடத்துகிறவள். உயர விஷயத்தில் யாராவது பொய் சொன்னால் எனக்குப் பொறுக்காது.

வெளியூர் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. எங்கள் சென்னைத் தீவுகள் கடலுக்கு மேலே வானத்தில் மிதப்பவை; படகுகளும் வானத்தில்தான் ஓடும். மயிலாப்பூர் 900 அடி, தி.நகர் 1,100, அடையாறு 600. மூவாயிரம் அடி என்பது சட்டத்தில் எழுதிய கோடு. மலையில் போல இல்லாமல், மிதக்கும் தீவில் அதற்கு மேல் காற்று சட்டென்று மெலிந்துவிடும் என்பதால் யாரையும் குடிவைக்கக் கூடாது. வைத்திருந்தால் பழைய இடத்திலேயே திரும்பக் குடியமர்த்த வேண்டும். ராணியும் அவள் கணவர் குமாரும் கோட்டூர்புரத்தில், ஆறு விளிம்பைத் தாண்டி கீழே கொட்டும் இடத்தில் குடியிருந்தவர்கள். விளிம்பு ஆபத்தானது என்று போன வருஷம் மொத்தத் தெருவையும் காலிசெய்து பொன்மேட்டுக்கு ஏற்றிவிட்டார்கள். அந்த ஆபத்தான விளிம்பில் இப்போது பன்னிரண்டு மாடிக் கட்டடம் எழும்புகிறது. ஏழைகள் நின்றால்தான் விளிம்பு இடியும்போல.

பொன்மேடு 22 கிலோமீட்டர். பொதுப்படகு வாரத்துக்கு இரண்டு நாள்தான், அறுபது ரூபாய். நான் போன நாளில் அதுவும் இல்லை. ஊரூர் குப்பத்தில் தேசப்பன் என்பவரின் மீன்பிடிப் படகைத் தொள்ளாயிரம் ரூபாய்க்குப் பேசினேன். காலை 7.40க்குக் கிளம்பினோம். குப்பத்துக்காரர்கள் அடிக்கணக்கு பார்ப்பதில்லை. இரண்டு கையையும் அகல விரித்தால் ஒரு பாகம், அதாவது ஆறடி. பத்துப் பாகத்துக்கு ஒரு முடிச்சுப் போட்ட ஈயக்குண்டுக் கயிறு ஒன்று எல்லாப் படகிலும் இருக்கும். வலை இறக்குமுன் அதைக் கடல்வரை விட்டுப் பார்ப்பார்கள்.

வழியில் தேசப்பன் கேட்டார். "பொன்மேடு எவ்ளோ ஒசரம்னு போட்டுகிறான் டீச்சரம்மா?"

"2,960 அடி."

"எப்போ அளந்தானாம்?"

அந்தக் கேள்வி எனக்குத் தோன்றவில்லை என்பதை வெட்கத்தோடு எழுதுகிறேன். வெயில் ஏறினால் தீவும் ஏறும், பனியில் இறங்கும் என்று ஆறாம் வகுப்புக்கு வருஷாவருஷம் நானே நடத்துகிறேன். கடையும் கூட்டமும் நிறைந்த தி.நகர் அவ்வளவாக அசையாது; சித்திரையில் படகுத்துறைக்கு நாலு படி கூடுதலாக மாட்டுவார்கள், அவ்வளவுதான். பொன்மேட்டில் மரமில்லை, மருத்துவமனை இல்லை, நாலு வரிசைக் குடியிருப்பைத் தவிர ஒன்றுமில்லை. எடையே இல்லாத தீவு எவ்வளவு ஏறும்?

11.10க்கு இறங்கினோம். படகுத்துறையில் பளபளவென்று பலகை: 'உயரம் 2,960 அடி'. பெயின்ட்டுக்கு மட்டும் பஞ்சம் இல்லை. மூன்றாவது மாடிக்கு ஏறுவதற்குள் எனக்கே இரண்டு தடவை உட்கார வேண்டியிருந்தது. குமார் ஜன்னலோரம் இரண்டு கையையும் தொடையில் ஊன்றிக் குனிந்து உட்கார்ந்திருந்தார். கோட்டூர்புரத்தில் மூட்டை தூக்கிய மனிதர். எழுந்து நிற்க முயன்றார். வேண்டாம் என்று கெஞ்சினேன்.

ராணி சாப்பாடு போட்டாள். சோறு நடுவில் அரிசியாகவே நின்றது. "மூணு தபா தண்ணி ஊத்தி வெச்சிக்கினு கீறேன் டீச்சர். அப்பவும் இப்டிதான் கீது" என்று அவள் மன்னிப்புக் கேட்டாள். அவள் ஏன் கேட்க வேண்டும்? ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டேன்.

மதியம் இரண்டு மணிக்கு, வெயில் உச்சத்தில், விளிம்புக்குப் போனோம். குமார் வர வேண்டாம் என்றதற்கு, "என் மூச்சு டீச்சர், நான் எண்றேன்" என்றார். தேசப்பன் ஈயக்குண்டை விட்டார். ஒவ்வொரு முடிச்சு போகும்போதும் குமார் எண்ணினார். முப்பத்தொன்றில் இருமல் வந்து நின்றுபோனார். அங்கிருந்து ராணி எண்ணினாள். ஐம்பதாவது முடிச்சு என்றால் மூவாயிரம் அடி. ஐம்பது போனது. கயிறு நிற்கவில்லை. ஐம்பத்தொன்று. ஐம்பத்திரண்டில் கயிறு தொய்ந்தது. குண்டு கடலைத் தொட்டுவிட்டது. 3,120 அடி.

"தப்பிச்சோம் நைனா" என்று தேசப்பனைப் பார்த்துக் குமார் சிரித்தார். பல நாள் கழித்து அவர் சிரிப்பதாக ராணி சொன்னாள்.

திங்கட்கிழமை பத்தரை மணிக்கு தி.நகரில் உள்ள அளவை அலுவலகத்தில் நின்றேன். பதிவேட்டைக் காட்டச் சொல்லி ஒரு மணி நேரம் கத்தினேன். காட்டினார்கள். பொன்மேடு, 2,960 அடி, மார்கழி மாதம், காலை ஐந்தரை மணி. வருஷத்திலேயே தீவு ஆகத் தாழ்ந்திருக்கும் மாதமும் வேளையும். தெரியாமல் செய்த தவறு என்று யாராவது இனி என்னிடம் சொல்லட்டும்.

"கயிறுலாம் ஆதாரம் ஆகாது மேடம்" என்றார் அந்த அதிகாரி. "மறு அளவுக்கு எழுதிக் குடுங்க, டீம் போகும்."

எழுதிக் கொடுத்தேன். அவர் முத்திரை குத்தி ரசீது தந்தார். படி இறங்கும்போதுதான் படித்தேன்: மறு அளவு மார்கழியில், காலை ஐந்தரைக்கு. திரும்ப ஏறிப் போய்க் கேட்டதற்கு, "எப்பவும் அந்த மாசம்தான் மேடம், அப்பதான் தீவு ஆடாம நிக்கும்" என்றார்.

அதனால் இந்தப் பதிவைப் படித்துவிட்டுப் போக நினைப்பவர்களுக்குச் சொல்கிறேன். வைகாசிக்குள் போங்கள். தண்ணீரும் வெந்த சோறும் கட்டிக்கொண்டு போங்கள். மதியம் இரண்டு மணிக்கு விளிம்பில் நில்லுங்கள். கயிறு இல்லாவிட்டால் தேசப்பன் தருவார். அளந்து, தேதியும் நேரமும் எழுதி, கையெழுத்துப் போட்டு அந்த அலுவலகத்தில் கொடுங்கள். ஒரு கயிறு ஆதாரம் ஆகாது என்றார்கள். இருநூறு கயிறு வந்தால் என்ன சொல்கிறார்கள் பார்ப்போம்.

மார்கழிக்கு இன்னும் எட்டு மாதம் இருக்கிறது. குமார் மூச்சுவிட வேண்டியது இன்றைக்கு.