எட்டுக்கால் வழக்கு

தெருவில் அவளை வாய்தா அக்கா என்றுதான் சொல்வார்கள். கோர்ட்டுக்குப் போய்த் திரும்பும் நாளில், "என்னக்கா, இன்னைக்கும் வாய்தாவா?" என்று கடைக்காரர் முதல் கீழ்வீட்டுக்காரி வரை கேட்பார்கள். அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். வராமல் என்ன செய்யும்?

விஷயம் இவ்வளவுதான். ஆசிரியர் தேர்வில் ஒரு கேள்வி: இவற்றில் எது பூச்சி அல்ல? எறும்பு, தேனீ, வண்ணத்துப்பூச்சி, சிலந்தி. பூச்சிக்கு ஆறு கால், சிலந்திக்கு எட்டு. டியூஷனுக்கு வரும் பொடிசுகளுக்கே அவள் சொல்லிக்கொடுக்கிற பாடம். சிலந்தி என்று எழுதினாள். தேர்வு வாரியம் தேனீ என்றது. எவனோ தூக்கக் கலக்கத்தில் விடையை மாற்றிப் போட்டுவிட்டான். தப்பு நடந்துவிட்டது என்று சொல்லித் தொலைத்தால் தீர்ந்தது. சொல்வார்களா? பெரிய மனிதர்களாயிற்றே! ஒரே மார்க்கில் வேலை கைநழுவிப் போனது. வயது வரம்பும் தாண்டிவிட்டதால் மறுபடி தேர்வெழுத வழியில்லை. வழக்குப் போட்டாள். வாரியத்தின் வக்கீல், நிபுணர் கருத்து இன்னும் வரவில்லை என்று வாய்தா மேல் வாய்தா வாங்கினார். காலை எண்ணுவதற்கு நிபுணர் எதற்கு?

அவளுடைய இடத்தில் உட்கார்ந்தவன் தேனீ என்று எழுதியவன். அவள் மகள் படிக்கும் பள்ளிக்கே அறிவியல் வாத்தியாராக வந்து சேர்ந்தான். ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டே மகள் சொன்னாள்: "அம்மா, தேனீ பூச்சி இல்லையாம். சார் சொன்னாரு."

மறுநாள் முதல் மணி அடிக்குமுன் அவள் ஆசிரியர் அறையில் நின்றாள்.

"ஏன் சார், நீங்க தேனீயைப் பாத்ததே இல்லையா?"

வாத்தியார் அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான். "சிலந்திதான்னு எனக்கும் தெரியும்க்கா. உங்க கேஸ்ல என்னையும் சேத்திருக்கீங்களே. கிளாஸ்ல சிலந்தின்னு சொன்னா, அதையே கோர்ட்ல சொல்லி என் வேலைக்கு உலை வெச்சிடுவீங்கன்னு எங்க வக்கீல் சொல்றாரு. கேஸ் முடியட்டும், மாத்திச் சொல்லிக்குடுத்துடறேன்."

"கேஸ் முடியறதுக்குள்ள இந்தப் புள்ளைங்களுக்குப் பேரன் பேத்தியே பொறந்துடும்யா!"

அவள் போட்ட சத்தத்தில் பக்கத்து வகுப்பே அடங்கிப்போனது. தலைமையாசிரியை ஓடிவந்து, வெளியாட்கள் இங்கே வரக்கூடாது என்றார். வெளியாள்! அவள் உட்கார வேண்டிய நாற்காலியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே சொன்னார்.

அன்று மாலை மகளை அழைத்து, குளியலறை மூலையில் இருந்த சிலந்தியின் கால்களை எண்ணவைத்தாள்.

"எவன் என்ன சொன்னாலும் பரீட்சைல சிலந்தின்னுதான் எழுதணும். புரியுதா?"

மகள் தலையாட்டினாள்.

பரீட்சைத் தாள் வந்தது. முழு மார்க். அந்தக் கேள்விக்கு நேராக, மகளின் குண்டுகுண்டான எழுத்தில், தேனீ.

"படிச்சுப் படிச்சுச் சொன்னேனேடி! மறந்துட்டியா?"

"மறக்கலம்மா. சிலந்திதான்னு தெரியும்." மகள் காலுறையைக் கழற்றிக்கொண்டே சொன்னாள். "அப்படி எழுதினா மார்க் போயிடும். உனக்குப் போச்சுல்ல?"

ஓங்கிய கை அப்படியே நின்றுவிட்டது. அறை வாங்க வேண்டியவர்கள் எல்லாம் எங்கோ மின்விசிறிக்கு அடியில் உட்கார்ந்து, அடுத்த வாய்தாவுக்குத் தேதி பார்த்துக்கொண்டிருந்தார்கள்.