சாகத் தெரியாத மல்லன்

நெவேனா சமையலறையில் கணவனை முக்காலியில் உட்காரவைத்து முடி வெட்டிக்கொண்டிருந்தாள். உச்சந்தலைக்கு வந்ததும் கத்தரிக்கோல் நின்றது. அங்கே ஒரு காசளவுக்குத் தோல் உரிந்து, சுற்றிலும் மண் அப்பியிருந்தது. துண்டை விலக்கி முதுகைப் பார்த்தாள். ஒரு கீறல்கூட இல்லை.

"இன்னைக்கும் அந்தச் சாவுற சீன்தானா?"

"அதேதான்."

ஸ்டாமென் பதினோரு வருடம் பல்கேரியாவுக்காக மல்யுத்தம் செய்தவன். போன குளிர்காலத்தில் கழுத்தெலும்பு நகர்ந்து, இடது கை இரண்டு நாள் மரத்துக் கிடந்தது. இன்னொரு முறை கழுத்தில் பாரம் விழுந்தால் கை அவ்வளவுதான் என்று சோஃபியா நகரத்து டாக்டர் சொன்ன பிறகுதான் கோதாவை விட்டான். இப்போது ஒரு கொள்ளைக்காரர் படத்தில் குண்டடிபட்டு மல்லாந்து விழும் வேஷம். நாலு நாளாக அந்த ஒரு காட்சியே நடக்கிறதாம்.

"மல்லாக்க விழுறவனுக்கு முதுகு பட்டு மாதிரி இருக்கு, மண்டை உரிஞ்சிருக்கு. யாருகிட்ட கதை விடுற? டிமோ மறுபடி கோதாவுக்குக் கூப்பிட்டாரா?"

டிமோ பழைய பயிற்சியாளர். கனத்த எடைப் பிரிவில் மோத ஆள் கிடைக்காமல் அவர் அலைவதாகக் கறிக்கடை வரிசையில் அவள் காதில் விழுந்திருந்தது.

"அவரப் பாத்தே ஆறு மாசமாச்சு, நெவே. டைரக்டர்தான் தினம் கத்துறாரு. 'யோவ் சாம்பியன், குண்டு பட்டா செத்துத் தொலைய்யா'ன்னு."

"அப்படியா? எங்க, இங்க செத்துக் காட்டு."

மேஜையை ஓரமாகத் தள்ளினாள். அவன் கம்பளத்தின் நடுவில் போய் நின்றான். கத்தரிக்கோலை நீட்டி, "டுமீல்" என்றாள். சிரிக்கவில்லை.

அவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு பின்னால் சாய்ந்தான். தோள் தரையைத் தொட ஒரு சாண் இருக்கையில் உடம்பு சட்டென்று முறுக்கிக்கொண்டது. உச்சந்தலையும் இரு பாதமும் ஊன்றி, இடுப்பு வில்லாக எழும்பி நின்றது. இரண்டு தோளும் தரையைத் தொட்டால் தோல்வி என்று ஏழு வயதில் பழகிய உடம்பு. மொத்தப் பாரமும் கழுத்தில் இருந்தது.

அவன் பொய் சொல்லவில்லை என்று தெரிந்ததும் அவள் கத்தரிக்கோலைப் போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

"எந்திரி. போதும், எந்திரின்னா!"

அவன் எழுந்தான். "பாத்தியா? நான் விழத்தான் பாக்குறேன். இது விடமாட்டேங்குது. நாளைக்குச் சரியா விழுந்துருவேன்."

சொல்லிக்கொண்டே இடது கையை உதறினான். விரல்களை மடக்கி, விரித்து, மறுபடி உதறினான்.

"ஒரு நாளைக்கு எத்தன தடவ விழுற, ஸ்டாமென்?"

அவன் துண்டை உருவி முக்காலியில் போட்டான். பாதி வெட்டிய தலையில் தொப்பியை அழுத்திக்கொண்டு வெளியே போனான்.