தூணோடு இருந்த பிள்ளை

தொண்ணூறுகளில் ஒரு பனிக்காலம். நாங்கள் புலம்பெயர்ந்து வந்த வின்டர்தூர் நகரில் பஸ்சுக்காகக் காத்து நின்ற நான், பழைய கட்டடமொன்றின் தூணில் சாய்ந்தேன். வரிவரியாய்ச் செதுக்கிய கல் முதுகில் கூராக அழுத்தியது.

"அது டோரிக் தூண் அம்மா," என்றாள் கட்டடக்கலை படிக்கும் என் கடைசி மகள். "கிரேக்கரின்ரை முறை. வரியளுக்கு இடையிலை விளிம்பு கூரா இருக்கும். அயோனிக் எண்ட மற்ற முறை எண்டா அதைத் தட்டையா விட்டிருப்பினம்."

எங்கள் ஊர் மிஷன் பள்ளிக்கூட விறாந்தையிலும் வெள்ளைக்காரர் கட்டிய இதே தூண்கள்தான். எங்கள் சாதிப் பிள்ளைகளுக்கு இருக்க வாங்குப் பலகை இல்லை. தூணோடு தரையில் இருக்கவேண்டும். மழைச் சாரல் சிலேட்டில் எழுதியதையெல்லாம் அழித்துவிடும். நான் ஐந்தாம் வகுப்பில் படித்தபோது என் அம்மா வாத்தியாரிடம் வந்து கெஞ்சினார்.

"பிள்ளையை ஒரு வாங்கிலை இருத்துங்கோ ஐயா."

வாத்தியார் சிரித்தார். "வாங்கிலை இருந்து படிச்சு துரைசாணியாகப் போறாளோ? தூண் காணாதெண்டா கூட்டிக்கொண்டு போ."

அம்மா கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். பிறகு நான் பள்ளிக்கூடம் போகவேயில்லை.

"என்னம்மா, தள்ளி நிக்கிறீங்கள்? தூண் பாக்க வடிவில்லையோ?" என்றாள் மகள்.

காசில்லாமல்தான் படிப்பை விட்டேன் என்று அவளுக்குச் சொல்லி வைத்திருக்கிறேன். எங்கள் சாதியின் பெயர் இந்த நாட்டிலும் அவள் காதில் விழவேண்டாம் என்று நினைத்தேன்.

"வடிவுதான் பிள்ளை," என்றேன்.