பதிவேட்டில் இருந்த வயது

பெரியம்மா என் அம்மாவுக்கு ஒன்றரை வருடம் மூத்தவள். காகிதத்திலோ ஆறு மாதம் இளையவள். சிறுவயதில் நெடுநாள் காய்ச்சலில் கிடந்து பள்ளிக்குத் தாமதமாகப் போனதால், தலைமையாசிரியரே இரண்டு வருடத்தைக் குறைத்து எழுதிவிட்டார். "பேனா அவர் கையில இருந்துச்சு, நான் என்ன பண்றது?" என்பாள். அம்மாவுக்கு மட்டும் இன்றுவரை ஆறவில்லை.

அவள் காலம் அளக்கும் அலுவலகத்தில் வேலை பார்த்தாள். தோளில் மாட்டும் பெட்டி ஒன்று, அதில் இரண்டு சக்கரங்கள், ஒரு முள். அந்தக் கருவியின் முழுப்பெயரை யாரும் சொல்ல மாட்டார்கள், 'மூக்கு' என்பார்கள். ஓரிடத்தில் ஏதாவது உடைந்தாலோ நசுங்கினாலோ அந்த அதிர்ச்சி அங்குள்ள இரும்பிலும் சுவரிலும் பல நாள் தங்கும். பெரிய சக்கரத்தைப் பின்னோக்கித் திருப்பிக்கொண்டே போனால், அது நடந்த நிமிடத்தில் முள் துடிக்கும்.

ஒரே தொல்லை, பெட்டியைச் சுமப்பவரின் உடம்பையும் அது மோப்பம் பிடிக்கும். ஆகவே பிறந்து எத்தனை நாளாயிற்று என்று சின்னச் சக்கரத்தில் வைத்து, அதே எண்ணைப் பதிவேட்டில் எழுதிவிட்டுத்தான் அளக்க வேண்டும். வயதில் ஒரு வருடம் பிசகினால் நேரத்தில் இருபது நிமிடம் பிசகும்.

பயிற்சியின் முதல் நாள் பெரியம்மா சான்றிதழ் வயதையே வைத்தாள். நாற்பது நிமிடம் தவறியது. பயிற்சியாளர் எல்லோர் முன்னாலும் வாங்கு வாங்கென்று வாங்கினார். மறுநாள் உண்மை வயதை வைத்தாள். முள் சரியாக நின்றது. அதன்பின் முப்பத்தைந்து வருடம் உண்மை வயதைத்தான் வைத்தாள், பதிவேட்டிலும் எழுதினாள். யாரும் கூட்டிக் கழித்துப் பார்க்கவில்லை.

அட்டைப்பெட்டித் தொழிற்சாலை ஒன்றில் வெட்டும் இயந்திரம் ஒரு தொழிலாளியின் மூன்று விரல்களை எடுத்துக்கொண்டபோதுதான் ஒருவர் பார்த்தார். அன்று வேலைநேரம் இரண்டு மணியோடு முடிந்தது. பெரியம்மா அளந்து சொன்ன நேரம் ஒன்று இருபத்தைந்து. வேலை முடிந்த பிறகு அவனே இயந்திரத்தை நோண்டினான், ஆகவே பொறுப்பு எங்களுடையதல்ல என்றது நிர்வாகம்.

விடுமுறையில் ஊருக்கு வந்திருந்த நான் விசாரணை அறையின் பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். தொடங்கிய கொஞ்ச நேரத்தில் எழுத்தர் கண்ணாடி ஜாடியைத் தட்டிவிட்டு உடைத்தார். தரையைப் பெருக்கும்வரை எல்லோரும் காலைத் தூக்கிக்கொண்டு இருந்தோம். பிறகு நிர்வாகத்தின் வக்கீல் பதிவேட்டோடு எழுந்தார்.

"இதுல இருபத்தோராயிரத்து எழுநூத்தி ரெண்டு நாள்னு எழுதியிருக்கீங்க. உங்க பிறந்த தேதிப்படி எழுநூத்தி முப்பது நாள் கூடுது. ரெண்டு வருஷம்! அப்ப நாப்பது நிமிஷம் பிசகு. விபத்து நடந்தது ரெண்டு அஞ்சுக்கு. சரிதானேம்மா?"

விரலிழந்தவனின் மனைவி பெரியம்மாவையே பார்த்தாள்.

விசாரணை அதிகாரி ஐந்து நிமிட இடைவேளை விட்டார். தாழ்வாரத்தில் பெரியம்மாவின் மேலாளர் ஓடி வந்தார். அவளைவிடச் சின்னவர்.

"அக்கா, சக்கரத்துல வயசைத் தப்பா வெச்சுட்டேன்னு சொல்லிடுங்க. உண்மையைச் சொன்னீங்கன்னா பொய்ச் சான்றிதழ் கேஸ் ஆயிடும். வேலை, குவார்ட்டர்ஸ் எல்லாம் போயிடும்."

"அவனுக்கு விரல் போயிருக்கு. நீ குவார்ட்டர்ஸைப் பத்திப் பேசற."

"நல்லதுக்குத்தானே சொல்றேன்..."

நானும் சேர்ந்துகொண்டேன். "பெரியம்மா, கொஞ்சம் யோசிச்சு..."

"நீ பேசாம இரு. விமானத்துல வந்து இறங்குறதுக்குள்ள புத்தி சொல்ல வந்துட்ட."

உள்ளே போனதும் பெரியம்மா உட்காரவில்லை.

"சார், பதிவேட்டுல இருக்கறதுதான் என் வயசு. சான்றிதழ்ல இருக்கறது பொய்."

வக்கீல் சிரித்தார். "இதை நாங்க எப்படி நம்பறது?"

"என்னை நம்ப வேண்டாம். ஜாடி எத்தனை மணிக்கு உடைஞ்சது?"

எழுத்தர் குறிப்பைப் பார்த்தார். "பத்து பத்து."

தோளில் மாட்டி வந்திருந்த பெட்டியைக் கழற்றாமலே மேசைமேல் வைத்தாள். முதலில் சான்றிதழ் வயதை வைத்துத் திருப்பினாள். விசாரணை அதிகாரியே குனிந்து படித்தார்.

"பத்து அம்பது."

"பத்து அம்பதுக்கு வக்கீல் சார்தான் பேசிட்டிருந்தாரு. அவர் குரலுக்கு ஜாடி எதுவும் உடைஞ்ச மாதிரி தெரியல."

பின் பெஞ்சில் யாரோ கொல்லென்று சிரித்தார்கள். உண்மை வயதை வைத்தாள். பத்து பத்தில் முள் துடித்தது.

விசாரணை அதிகாரி ஒன்று இருபத்தைந்து என்றே எழுதிக் கையெழுத்திட்டார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார். "இத்தனை வருஷமா வயசை மறைச்சிருக்கீங்களேம்மா?"

"எங்க மறைச்சேன்? அளக்கப் போன ஒவ்வொரு நாளும் பதிவேட்டுல எழுதியிருக்கேன். நீங்க யாரும் படிக்கல."

பிற்பகலிலேயே இடைநீக்க உத்தரவு வந்துவிட்டது. கூடவே மேலாளர் தட்டச்சு செய்து கொண்டுவந்த மன்னிப்புக் கடிதம். 'அறியாமல் நேர்ந்த பிழை' என்றிருந்தது. கையெழுத்துப் போட்டால் தண்டனை குறையும் என்றார்.

பெரியம்மா நின்றபடியே படித்தாள். அந்த வரியைக் கோடு போட்டு அடித்துவிட்டுக் கீழே எழுதினாள்: 'அறிந்தே செய்தேன். சான்றிதழ் வயதை வைத்திருந்தால் முப்பத்தைந்து வருட அளவும் பொய்யாகியிருக்கும். மன்னிப்புக் கேட்க ஒன்றுமில்லை.'

மேலாளர் கடிதத்தை வாங்கிப் பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்தார்.

"இதை எப்படிக்கா மேல அனுப்புவேன்?"

"தபால்லதான். முதல்ல முத்திரை குத்தி எனக்கு ஒரு நகல் குடு," என்று நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். "வாங்காம நான் எழுந்திரிக்கப் போறதில்ல."